மாவும் காணியும்: வேறு பகுதிப் பின்னங்களைக் கூட்டுதல்

(பத்தாம் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



பத்து ஆண்டுகளாகக் கவிதையையும் இலக்கணத்தையும் பேசிவந்த அவையில் கணக்கைப் பற்றிப் பேச ஒருவனை அழைத்திருக்கிறீர்கள். அதிலும் வேறு வேறு பகுதிகளையுடைய பின்னங்களைக் கூட்டுவது எனும் பள்ளிப் பாடத்தைப் பற்றிப் பேசப்போகிறேன். இதற்கும் இலக்கியத்திற்கும் என்ன தொடர்பு என்ற வினா உங்கள் உள்ளத்தில் எழுந்திருக்கும். இந்தக் கணக்கைத் தமிழன் தாளில் போடுவதற்கு முன்பே நாவில் போட்டுவிட்டான், நம் பின்னப் பெயர்களுக்குள்ளேயே கூட்டல் அடங்கியிருக்கிறது என்பதே என் விடை. அதை மெய்ப்பிக்க முயல்கிறேன்.

முதலில் உங்கள் துறையிலிருந்தே ஓர் எடுத்துக்காட்டு. யாப்பு பயின்ற அனைவரும் மாத்திரை அறிவீர்கள். நெடிலுக்கு இரண்டு, குறிலுக்கு ஒன்று, மெய்க்கு அரை, மகரக்குறுக்கத்திற்குக் கால். 'போலும்' என்பது செய்யுளில் 'போன்ம்' என்றாகும்போது அதன் மாத்திரை எவ்வளவு? 'போ' இரண்டு, 'ன்' அரை, குறுகிய 'ம்' கால். ஆக இரண்டே முக்கால் என்று உடனே சொல்லிவிடுவீர்கள். எப்படிச் சொன்னீர்கள்? அரையைக் கண்டதும் அதனை இரண்டு கால்களாக மனம் பிரித்துக்கொண்டது. இரண்டு கால்களோடு ஒரு கால் சேர முக்கால் ஆயிற்று. அரையும் காலும் வேறு பெயருடையன. அவற்றை ஒரே பெயருக்குக் கொண்டுவந்த பிறகே கூட்ட முடிந்தது. இந்தப் பாடத்தின் சாரம் முழுவதும் இதுதான்.

பின்னத்தின் கீழே எழுதும் எண்ணுக்குப் பகுதி என்றும் மேலே எழுதும் எண்ணுக்குத் தொகுதி என்றும் நம் பாடநூல்கள் பெயர் வைத்திருக்கின்றன. மிகப் பொருத்தமான பெயர்கள். ஒரு பொருளை எத்தனையாகப் பகுத்தோம் என்பதைப் பகுதி சொல்கிறது. அப்படிப் பகுத்தவற்றுள் எத்தனையைத் தொகுத்துக்கொண்டோம் என்பதைத் தொகுதி சொல்கிறது. எனவே பகுதி என்பது துண்டின் பெயர்; தொகுதி என்பது துண்டின் எண்ணிக்கை. இரண்டு உழக்கும் மூன்று நாழியும் சேர்ந்தால் ஐந்து உழக்கு என்று யாரும் சொல்லமாட்டார்கள். ஐந்து நாழி என்றும் சொல்லமாட்டார்கள். ஆனால் தாளில் எண்களாக எழுதிவிட்டால் மாணவர்கள் பலர் மேலுள்ளதை மேலுள்ளதோடும் கீழுள்ளதைக் கீழுள்ளதோடும் கூட்டிவிடுகிறார்கள். பெயர் மறைந்து எண் மட்டும் கண்ணில் படுவதால் நேரும் பிழை அது.

இந்தப் பிழை தேர்வுத்தாளோடு நின்றுவிடுவதில்லை. நம் பக்கத்து நிலக்கணக்கிலேயே பாருங்கள். நூறு குழி கொண்டது ஒரு காணி. 24 அடிக்கு 24 அடி, அதாவது 576 சதுர அடி, ஒரு குழி. ஒரு காணி நிலத்தில் ஒருவருக்குத் தந்தைவழியாக மூன்றில் ஒரு பங்கும் தாய்வழியாக நான்கில் ஒரு பங்கும் சேர்கின்றன என்று வைத்துக்கொள்வோம். மேலும் கீழுமாகக் கூட்டினால் ஏழில் இரண்டு பங்கு என்று வரும். அது 28 குழிக்குச் சற்றே கூடுதல். தந்தைவழிப் பங்கு மட்டுமே 33 குழிக்கு மேல் இருக்க, இரண்டு பங்கும் சேர்ந்து அதைவிடக் குறைந்துபோகிறது! முறையாகக் கூட்ட வேண்டுமானால் காணியைப் பன்னிரண்டு பட்டைகளாகப் பிரிக்க வேண்டும். மூன்றில் ஒன்று நான்கு பட்டை. நான்கில் ஒன்று மூன்று பட்டை. ஆக ஏழு பட்டை. பன்னிரண்டில் ஏழு, அதாவது 58 குழியும் ஒரு குழியில் மூன்றிலொரு பங்கும். பட்டாவில் எழுதும் ஆர் அளவில் அது ஏறத்தாழ 31 ஆர். தவறான கூட்டலுக்கும் சரியான கூட்டலுக்கும் இடையில் ஏறத்தாழ முப்பது குழி நிலம் கிடக்கிறது. பின்னம் கூட்டத் தெரியாதவன் எதை இழக்கக்கூடும் என்பதற்கு இதற்கு மேல் சான்று வேண்டியதில்லை.

இனித் தமிழின் பழைய கீழ்வாய் இலக்கத்திற்கு வருவோம். நம் முன்னோர் பின்னங்களுக்கு எண்ணின் மேல் எண் எழுதவில்லை; ஒவ்வொன்றுக்கும் தனிப் பெயரும் தனிக் குறியும் வைத்தனர். அப்பெயர்கள் இரண்டு குடும்பங்களாக அமைந்துள்ளன. ஒன்று பாதிபாதியாகப் பகுத்துக்கொண்டே செல்லும் குடும்பம். அரை, கால், அரைக்கால், வீசம், அரைவீசம், கால்வீசம் என்பன அவை. வீசம் என்பது பதினாறில் ஒன்று. கால்வீசம் அறுபத்துநான்கில் ஒன்று. மற்றொன்று இருபதாகப் பகுத்துத் தொடங்கும் குடும்பம். மா என்பது இருபதில் ஒன்று. அரைமா நாற்பதில் ஒன்று. காணி எண்பதில் ஒன்று. அரைக்காணி நூற்றறுபதில் ஒன்று. முந்திரி முந்நூற்றிருபதில் ஒன்று. இருமா, மும்மா, நாலுமா, முக்காணி என்பனவும் இக்குடும்பத்தவை. இங்கே சொல்லும் காணி பின்னப் பெயர். நூறு குழி கொண்ட காணி நிலத்தின் பெயர். இரண்டையும் ஒன்றாகக் கொள்ளலாகாது.

ஒரு குடும்பம் இரண்டால் மட்டுமே பகுபடுவது. மற்றொன்றில் ஐந்து கலந்திருக்கிறது. இவ்விரண்டையும் எப்படிக் கூட்டுவது? அதற்குத்தான் முந்திரி. கால்வீசத்தின் பகுதி 64. காணியின் பகுதி 80. இவ்விரண்டின் மீச்சிறு பொது மடங்கு 320. ஆகவே ஒரு கால்வீசம் ஐந்து முந்திரி; ஒரு காணி நான்கு முந்திரி. அரைக்காணி இரண்டு, அரைமா எட்டு, மா பதினாறு, வீசம் இருபது, அரைக்கால் நாற்பது, கால் எண்பது, அரை நூற்றறுபது, முக்கால் இருநூற்று நாற்பது. மேலே சொன்ன பெயர்களில் எதை எடுத்தாலும் முழு எண்ணிக்கையில் முந்திரியாக மாற்றிவிடலாம். நம் பிள்ளைகள் ஒவ்வொரு கணக்கிலும் தேடிக் கண்டுபிடிக்கும் பொதுப் பகுதியைத் தமிழ்க் கணக்கு முன்கூட்டியே கண்டு, அதற்கு ஒரு பெயரும் சூட்டி வைத்திருந்தது.

இதைவிட வியப்பான ஒன்று உண்டு. வீசத்திற்கு மாகாணி என்றொரு பெயர் இருப்பதை அறிவீர்கள். அப்பெயரைப் பிரித்துப் பாருங்கள். மாவும் காணியும் சேர்ந்தது மாகாணி. மா என்பது எண்பதில் நான்கு. காணி என்பது எண்பதில் ஒன்று. கூட்டினால் எண்பதில் ஐந்து, அதாவது பதினாறில் ஒன்று. இருபதில் ஒன்றையும் எண்பதில் ஒன்றையும் கூட்டினால் பதினாறில் ஒன்று என்பது வேறு பகுதிப் பின்னங்களின் கூட்டல் கணக்கு. அந்தக் கணக்கும் அதன் விடையும் ஒரே தொகைச்சொல்லாகி நிற்கின்றன. மாவும் காணியும் என்று விரியும் உம்மைத்தொகையில் ஐந்தின் குடும்பமும் இரண்டின் குடும்பமும் கைகோத்துக்கொள்கின்றன.

ஒன்றேகால், மூன்றேமுக்கால் என்று கூறும்போது இடையில் வரும் ஏகாரத்தையும் கவனிக்க வேண்டும். தொல்காப்பியர் ஏகாரத்திற்குக் கூறும் பொருள்களுள் எண் என்பதும் ஒன்று. எண்ணேகாரம் பொருள்களை அடுக்கிச் சேர்ப்பது. கணக்கில் நாம் இடும் கூட்டல் குறிக்குத் தமிழ் நாவில் ஏகாரம் நின்றது. 'முக்காலே மூணு வீசம் பேர் வந்துவிட்டார்கள்' என்று நம் ஊர்களில் பேசுவது இன்றும் காதில் விழுகிறது. ஏறத்தாழ எல்லாரும் என்று அதற்குப் பொருள் கொள்கிறோம். ஆனால் அது தோராயச் சொல் அன்று. முக்கால் என்பது பன்னிரண்டு வீசம். மூன்று வீசம் சேரப் பதினைந்து வீசம். முழுமைக்கு ஒரே ஒரு வீசம் குறைவு. நான்கின் பகுதியும் பதினாறின் பகுதியும் கூடிய கணக்கு ஒன்று நம் வழக்கில் மரபுத்தொடராக வாழ்கிறது.

புலவர்கள் இதனை நன்கு அறிந்திருந்தனர். காளமேகப் புலவர் பெயரில் வழங்கும் வெண்பா ஒன்று கச்சி ஏகம்பனைப் பாடுவது. முதுமையும் சாவும் வந்து சேருமுன் ஒற்றை மாமரத்தின் கீழ் எழுந்தருளியிருக்கும் இறைவனை ஓதுக என்பது அதன் கருத்து. உங்களில் பலருக்கு அது மனப்பாடம். ஊன்றுகோல் மூன்றாம் காலாவது, தலை நரைப்பது, காலனின் தூதரைக் கண்டு அஞ்சுவது, விக்கி இருமுவது, சுடுகாடு சேர்வது என்று வாழ்வின் இறக்கம் படிப்படியாகச் சொல்லப்படுகிறது. அந்தப் படிகளுக்குள்ளே முக்கால், அரை, கால், அரைக்கால், இருமா, மாகாணி, ஒருமா, கீழரை என்ற பின்னங்கள் மறைந்து நிற்கின்றன. சிலேடை நயத்தை நாம் பலமுறை பேசியிருக்கிறோம். அந்த வரிசையின் நுட்பத்தைப் பேசியதில்லை.

முந்திரியாக்கிப் பாருங்கள். 240, 160, 80, 40, 32, 20, 16 என்று வருகிறது. ஓரிடத்திலும் ஏறவில்லை, ஒவ்வொன்றும் முன்னதைவிடச் சிறியது. அரைக்கால் இரண்டின் குடும்பம். அடுத்த இருமா ஐந்தின் குடும்பம். அதற்கடுத்த மாகாணி மீண்டும் இரண்டின் குடும்பம். ஒருமா மீண்டும் ஐந்தின் குடும்பம். இரு குடும்பத்துப் பின்னங்களையும் மாறிமாறி எடுத்து, அளவு தவறாமல் இறங்கு வரிசையில் அடுக்க வேண்டுமானால், எது பெரியது எது சிறியது என்ற ஒப்பீடு புலவரின் மனத்தில் ஓடியிருக்க வேண்டும். ஈற்றில் வரும் கீழரை முந்திரியிலும் பாதி. கீழ் என்ற அடை ஒன்றன் முந்நூற்றிருபதில் ஒரு பங்கைக் குறிப்பது. ஆகவே கீழரை அறுநூற்று நாற்பதில் ஒன்று. வாழ்நாள் தேய்வதைப் பாடிய புலவர் எண்ணையும் முந்திரிக்குக் கீழே வரை தேய்த்துக் காட்டியிருக்கிறார்.

ஒரு கணக்கும் போட்டுப் பார்க்கலாம். முக்கால் முதல் ஒருமா வரையுள்ள ஏழையும் கூட்டினால் 588 முந்திரி. அதில் 320 முந்திரி ஒன்று, எஞ்சியது 268. அதில் 240 முக்கால்; எஞ்சியது 28. அதில் இருபது மாகாணி, எட்டு அரைமா. ஆக ஒன்றே முக்காலே மாகாணியே அரைமா என்பது விடை. இரண்டு, நான்கு, எட்டு, பத்து, பதினாறு, இருபது என்ற வேறு வேறு பகுதிகளைக் கொண்ட ஏழு பின்னங்களை, ஒரு பெருக்கலும் எழுதாமல், பெயர்களின் துணைகொண்டே கூட்டி முடித்துவிட்டோம்.

இந்தத் திறன் ஒரு காலத்தில் எங்கே கற்பிக்கப்பட்டது? திண்ணைப்பள்ளிகளில். எண்சுவடி, பொன்னிலக்கம், நெல்லிலக்கம், குழிமாத்து என்ற சுவடிகளைப் பிள்ளைகள் உரக்கச் சொல்லி மனனம் செய்தனர். நெல்லிலக்கத்திலும் இதே அமைப்பைக் காணலாம். ஐந்து செவிடு ஓர் ஆழாக்கு. இரண்டு ஆழாக்கு ஓர் உழக்கு. இரண்டு உழக்கு ஓர் உரி. இரண்டு உரி ஒரு நாழி. ஆகவே நாழிக்கு நாற்பது செவிடு. பொன்னளவில் முந்திரி செய்த பணியை நெல்லளவில் செவிடு செய்தது. புதுச்சேரியில் 1955இல் நிறுவப்பெற்ற பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தில் பணியாற்றிய ஆய்வாளர் செந்தில் பாபு இச்சுவடிகளையும் திண்ணைப்பள்ளிக் கணக்கையும் ஆராய்ந்து ஆங்கிலத்தில் எழுதிய நூல் 2022இல் வெளிவந்தது. நம் வீட்டு வாசலில் நடந்த ஆய்வு அது. நாம் படித்துப் போற்ற வேண்டியது.

ஆனால் பழமையைப் பாராட்டும்போது உண்மையின் மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். திண்ணைப்பள்ளியின் கதவு எல்லார்க்கும் திறந்திருக்கவில்லை. பெண்களும், ஒடுக்கப்பட்ட சாதிகளைச் சேர்ந்த உழவுத் தொழிலாளரும் பெரும்பாலும் அதற்கு வெளியேதான் நின்றனர். களத்துமேட்டில் நெல் அளக்கையில் மரக்காலைப் பிடித்தவன் ஒருவன். கணக்கைப் பிடித்தவன் மற்றொருவன். வாரத்தில் வீசம் குறைந்ததா மாகாணி கூடியதா என்பது கணக்கனுக்குத் தெரியும். இரண்டும் ஒன்றே என்பதுகூட உழுதவனுக்குச் சொல்லப்படாமல் போகலாம். பின்னம் தெரிந்தவன் பங்கிட்டான். தெரியாதவன் கொடுத்ததைப் பெற்றுக்கொண்டான். எனவே முந்திரிக் கணக்கு அழிந்ததே என்று மட்டும் வருந்துவது அரை உண்மை. அது சிலர் கையில் மட்டும் இருந்தது என்பது மற்றோர் அரை.

கணக்கின் உள்ளேயும் அதற்கு ஓர் எல்லை உண்டு. 320 என்ற எண்ணை இரண்டாலும் ஐந்தாலும் பகுக்கலாம். மூன்றால் பகுக்க இயலாது. ஒன்றை மூவருக்குச் சமமாகப் பங்கிட்டால் ஒருவருக்கு 106 முந்திரி போக, முந்திரியில் மூன்றில் இரண்டு பங்கு எஞ்சும். அதைக் கீழ்முந்திரியாக்கினால் 213 போக மீண்டும் மூன்றிலொரு பங்கு எஞ்சும். எத்தனை படி கீழே இறங்கினாலும் மிச்சம் தீராது. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் வேலிக் கணக்கு முந்திரிக்கும் கீழே இறங்கிச் செல்வதைக் காண்கிறோம். அத்தனை நுண்மை இருந்தும் மூன்றிலொன்று என்ற எளிய பங்கு அந்த வலையில் சிக்காது. மூன்று பிள்ளைகள் உள்ள வீட்டின் பாகப்பிரிவினை முந்திரிக்குள் அடங்காது.

வேறு பகுதியைத் தேர்ந்தவர்களுக்கு வேறு எல்லை. 1957 ஏப்ரலில் புதிய காசு வருவதற்கு முன் இந்திய ரூபாய்க்குப் பதினாறு அணா; அணாவுக்குப் பன்னிரண்டு பை; ஆக ரூபாய்க்கு 192 பை. அங்கே மூன்றிலொன்று குறையின்றிக் கிடைக்கும். ஐந்து அணா நான்கு பை. ஆனால் ஐந்திலொன்று கிடைக்காது. முந்திரி ஐந்தை ஏற்று மூன்றை விட்டது. பை மூன்றை ஏற்று ஐந்தை விட்டது. முன்கூட்டியே வகுத்துவைத்த எந்தப் பொது அளவும் சிலரைச் சேர்த்துக்கொள்ளும், சிலரை வெளியே நிறுத்தும்.

இங்கேதான் பள்ளியில் கற்பிக்கும் முறையின் பெருமை விளங்குகிறது. அதில் நிலையான பொதுப் பகுதி என்று ஒன்று இல்லை. எவை கூட வருகின்றனவோ அவற்றைப் பார்த்து, அவற்றுக்கென்றே ஒரு பொதுப் பகுதியை ஆக்கிக்கொள்கிறோம். மூன்றும் நான்கும் வந்தால் பன்னிரண்டு. ஆறும் எட்டும் வந்தால் இருபத்துநான்கு. ஏழும் பதினொன்றும் வந்தாலும் எழுபத்தேழு என்ற இடம் உண்டு. வெளியே நிற்க வேண்டிய பின்னமே இல்லை.

இம்முறையும் நமக்கு அயலானதன்று. ஒன்பதாம் நூற்றாண்டில் இராட்டிரகூட மன்னன் அமோகவர்ஷன் காலத்தில் வாழ்ந்த மகாவீராசாரியர் தம் கணிதசாரசங்கிரகம் என்னும் வடமொழி நூலில், பின்னங்களைக் கூட்டுவதற்கு மீச்சிறு பொது மடங்கைக் காணும் முறையைக் கூறி, அதற்கு நிருத்தம் என்று பெயரிட்டார். அதே நூற்றாண்டில்தான் நம் பாகூரில் பல்லவ மன்னன் நிருபதுங்கவர்மன் காலத்துச் செப்பேடு பொறிக்கப்பட்டது. 1879இல் கிடைத்த அச்செப்பேடு, பாகூரில் இயங்கிய வித்தியாத்தானம் என்ற உயர்கல்விச் சாலைக்கு மூன்று ஊர்கள் கொடையளிக்கப்பட்டதைக் கூறுகிறது. நிருபதுங்கனின் தாய் சங்கா இராட்டிரகூடக் குலத்தில் பிறந்தவள் என்பதும் அதில் உண்டு. மகாவீரரின் கணக்குப் பாகூர்ச் சாலையில் ஓதப்பட்டது என்று நான் சொல்ல வரவில்லை, அதற்குச் சான்றில்லை. அந்த நூல் எழுந்த நாடும் நம் பாகூரும் உறவால் நெருங்கியிருந்த ஒரு காலத்தில், கல்விக்கென்று ஊர்களையே கொடுத்த மண் இது என்பதை நினைவூட்டுவதே என் நோக்கம்.

அவையோரே, இவற்றிலிருந்து நாம் செய்ய வேண்டுவது என்ன? பழைய கீழ்வாய் இலக்கத்தை மீண்டும் கடைத்தெருவுக்குக் கொண்டுவர வேண்டும் என்று நான் கூறவில்லை. அது இனி நடவாது, நடக்கவும் வேண்டா. அதன் குறியீடுகள் அழியாமல் இருக்க வழி பிறந்திருக்கிறது. 2019இல் வெளிவந்த யூனிக்கோடு 12.0 பதிப்பில் தமிழ்ப் பின்னங்களும் பழைய அளவைக் குறிகளும் சேர்ந்து 51 குறியீடுகள் இடம்பெற்றன. அந்த வரிசையில் முதலாவதாக நிற்பது முந்திரி. கணினியில் அதற்கு இடம் கிடைத்துவிட்டது. பிள்ளைகளின் மனத்தில் இடம் தருவது நம் கையில் இருக்கிறது.

நம் ஊர்ப் பிள்ளைகளுக்குப் பொதுப் பகுதி காணும் விதியைப் பள்ளி சொல்லிக்கொடுக்கிறது. விதி மறந்துவிடும், பொருள் மறக்காது. அந்தப் பொருளைத் தருவதற்கு நம்மிடம் மாகாணி என்ற ஒரு சொல் போதும். போன்ம் என்ற ஓர் எடுத்துக்காட்டுப் போதும். காளமேகத்தின் ஒரு வெண்பாப் போதும். அந்த வெண்பாவைச் சிலேடைக்காகக் கற்பிக்கும் தமிழாசிரியர், அடுத்த அறையிலிருக்கும் கணக்காசிரியரையும் அழைத்து அதே வெண்பாவைக் கூட்டிக்காட்டச் சொல்லலாம். நம் வட்டம் திங்கள்தோறும் நடத்தும் கூட்டங்களில் ஒன்றிரண்டைப் பள்ளிப் பிள்ளைகளுக்கென ஒதுக்கி இதனைத் தொடங்கிவைக்கலாம். குறிப்பாக, திண்ணைப்பள்ளிக்கு வெளியே நிறுத்தப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகள் நம் சிற்றூர்ப் பள்ளிகளில் இருக்கிறார்கள். தம் பங்கு எவ்வளவு என்று தாமே கூட்டிப் பார்க்கும் ஆற்றல் அவர்களுக்கு வாய்க்குமானால், அது இலக்கியம் செய்த பயன்களுள் ஒன்றாக நிற்கும்.

அரை தன்னை இரண்டு கால்களாகப் பிரித்துக்கொண்டபோது அதன் மதிப்பில் எதுவும் குறையவில்லை. மற்றதோடு சேர்வதற்காகத் தன் பெயரை மட்டும் அது மாற்றிக்கொண்டது. பத்தாண்டுகளாகப் பல ஊர்களிலிருந்தும் பல கருத்துகளோடும் வந்து இங்கே கூடியிருக்கும் நமக்கும் இது பொருந்தும். மரபுக் கவிஞரும் புதுக்கவிதை எழுதுவோரும் தத்தம் அளவில் குறையாமல் ஒன்று சேர்வதற்கு ஒரு சிறு பொது அளவு வேண்டும். தமிழ் நமக்கு அந்த முந்திரியாக இருக்கட்டும். மூன்றிலொன்றையும் வெளியே நிறுத்தாத முந்திரியாக இருக்கட்டும்.